மாறாத தவணை

திண்டுக்கல்லில் காலை நேரத்தில் தெருவில் இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் முதலில் கேட்டுக்கொள்வது, "தண்ணி வந்துருச்சா?" என்பது. நான் இப்போது இருக்கும் பிராம்ப்டன் நகரில், வாசல் பனியை அள்ளிக் கொட்டிக்கொண்டே பக்கத்துப் பக்கத்து வீட்டுக்காரர்கள் கேட்டுக்கொள்வது, "ரினியூவல் எப்போது?" என்பது. கனடாவுக்கு வந்த புதிதில் எனக்கு இந்தக் கேள்வி விளங்கவில்லை. பக்கத்து வீட்டு மனுவேல் என் வயதுக்காரர், இளம் வயதில் போர்ச்சுகலிலிருந்து வந்து கட்டட வேலை பார்த்து ஓய்ந்தவர். ஒருநாள் அவர் மண்வாரியை ஊன்றி நின்றுகொண்டு என்னிடம் அதைக் கேட்டார். பாஸ்போர்ட்டைப் பற்றிக் கேட்கிறார் என்று நினைத்து, "வரும் மே மாதம், பத்து வருடத்துக்கு" என்றேன். "பத்து வருடமா! எந்த வங்கி கொடுக்கிறது?" என்று வாயைப் பிளந்தார். "வங்கி இல்லை, இந்தியத் தூதரகம்" என்றேன். அவர், இந்தியர்கள் எல்லாவற்றுக்கும் ஒரு வழி வைத்திருக்கிறார்கள் என்று ஆங்கிலத்தில் முணுமுணுத்தபடி மறுபடியும் பனியை அள்ளத் தொடங்கினார்.

அவர் கேட்டது வீட்டுக் கடனைப் பற்றி. இந்த ஊரில் வீட்டுக் கடன் முப்பது வருடத்துக்கு என்பார்கள். ஆனால் வட்டிக்கான பேச்சு ஐந்து வருடத்துக்குத்தான். ஐந்து வருடம் முடிந்ததும் மறுபடி வங்கியில் போய் உட்கார்ந்து, அன்றைய வட்டிக்குப் புதிதாகக் கையெழுத்துப் போட வேண்டும். நம் ஊரில் நகையை அடகு வைத்தவர்கள் வருடம் முடிந்ததும் வட்டியை மட்டும் கட்டிவிட்டு, நகையைக் கண்ணால் பார்க்காமலே திருப்பி வைத்துவிட்டு வருவார்களே, அதேதான். நம் ஊரில் அதற்குப் போகிறவன் தலையைக் குனிந்துகொண்டு போவான். இங்கே காப்பி கொடுத்துக் கைகுலுக்கி அனுப்புகிறார்கள். வித்தியாசம் அவ்வளவுதான் என்று நெடுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

நான் திண்டுக்கல்லில் ஓர் உயர்நிலைப் பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். மரியநாதபுரத்தில் மூன்று சென்ட் இடத்தில் ஒரு வீடு கட்டினேன். கூட்டுறவுச் சங்கத்தில் கடன் வாங்கி, சம்பளத்தில் பிடிக்கச் சொல்லி, கடைசித் தவணை கழிந்த மாதம் பத்திரத்தைக் கையில் வாங்கியவன். அந்தக் கடனிலும் வட்டி உண்டு. ஆனால் என்ன வட்டி என்று முதல் நாளே சொன்னார்கள், கடைசி நாள் வரை அதையே பிடித்தார்கள். ஒரே மகன் அமலன் கணினி வேலைக்கு இங்கே வந்தான். பெருந்தொற்றுக் காலத்தில், எல்லோரும் வீட்டுக்குள் அடைந்து கிடந்தபோது, இங்கே வீட்டு விலை ஏறியது, வட்டி இறங்கியது. "அப்பா, ஒன்றரை சதவீதம்தான் வட்டி. இப்ப விட்டா எப்பவும் வாங்க முடியாது" என்று போனில் சொன்னான். ஒன்பது லட்சம் டாலர் வீடு. அவன் சேமிப்பு, என் ஓய்வூதியப் பலன்கள், இவை போதாமல் நான் மரியநாதபுரம் வீட்டை ஒத்திக்கு விட்டு வாங்கி அனுப்பிய எட்டு லட்சம் ரூபாய், எல்லாம் சேர்ந்து கைப்பணம் ஒரு லட்சத்து எண்பதாயிரம் டாலர் ஆனது. மீதி ஏழு லட்சத்து இருபதாயிரம் கடன். மாதத் தவணை இரண்டாயிரத்து நானூற்று எண்பத்தைந்து. வீடு வாங்கியதும் நானும் மனைவியும் இங்கே அவனோடு வந்துவிட்டோம்.

ஒத்தி என்றால் என்னவென்று திண்டுக்கல்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. இங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். வீட்டுக்காரன் ஒரு தொகையை மொத்தமாக வாங்கிக்கொள்வான். கொடுத்தவர் வாடகை இல்லாமல் அந்த வீட்டில் குடியிருப்பார். வீட்டுக்காரன் வாங்கிய பணத்துக்கு வட்டி தர வேண்டாம். ஒத்தி முடிந்து காலி செய்யும் நாளில் எட்டு லட்சம் வாங்கியிருந்தால் எட்டு லட்சம் திருப்ப வேண்டும், ஒரு ரூபாய் கூடவும் வேண்டாம், குறையவும் கூடாது. அந்த அசல் அசையாது. இப்படி அசையாத அசலைப் பார்த்துப் பார்த்து வளர்ந்ததால் எங்கள் ஊர் ஆட்களுக்கு ஒரு நம்பிக்கை உண்டு. தவணை தவறுகிறவனுக்குத்தான் கடன் ஏறும். ஒழுங்காகக் கட்டுகிறவனுக்குக் கடன் இறங்கியே தீரும். நானும் அமலனும் அந்த நம்பிக்கையோடுதான் அந்நிய நாட்டுக் கடன் பத்திரத்தைப் பார்த்தோம். அவன் ஒரு மாதம் கூடத் தவணை தவறவில்லை. தவணையும் ஒரு டாலர் கூட ஏறவில்லை. வங்கியிலிருந்து வருடா வருடம் வந்த மின்னஞ்சலை அவன் திறக்கவில்லை. மாதாமாதம் அதே தொகை கணக்கிலிருந்து போகிறது, திறந்து பார்க்க என்ன இருக்கிறது?

இந்த வருடத் தொடக்கத்தில் எங்களுக்கும் ரினியூவல் வந்தது. அமலன் என்னையும் கூட்டிக்கொண்டு போனான். கடன் ஆறு லட்சத்து இருபதாயிரத்துக்கு வந்திருக்கும் என்று காரில் போகும்போது நானே காகிதம் இல்லாமல் போட்டுச் சொன்னேன். வங்கியில் ஓர் இளம்பெண் காப்பி கொடுத்தாள், பனியைப் பற்றிக் கேட்டாள், கணினித் திரையைத் திருப்பிக் காட்டினாள். ஏழு லட்சத்துப் பன்னிரண்டாயிரத்து நானூறு. வேறு யாருடைய கணக்கையோ திறந்துவிட்டாள் என்று நினைத்தேன். அமலனின் பெயர்தான் இருந்தது. ஐந்து வருடத்தில் அவன் கட்டியது ஒரு லட்சத்து நாற்பத்தொன்பதாயிரம் டாலர். கடன் குறைந்தது ஏழாயிரத்து அறுநூறு.

எப்படி என்று கேட்டேன். அவள் பொறுமையாகத்தான் விளக்கினாள். இது மாறும் வட்டி, மாறாத தவணை. நடுவில் நாட்டில் வட்டி ஏறியது. ஆறு சதவீதத்தையும் தாண்டியது. அப்போது மாத வட்டியே மூவாயிரத்து அறுநூறு வரை வந்தது. நீங்கள் கட்டியது இரண்டாயிரத்து நானூற்று எண்பத்தைந்து. அதனால் மிச்ச வட்டி அசலில் சேர்ந்தது. ஆனால் உங்களுக்குச் சிரமம் வரக்கூடாது என்று தவணையை மட்டும் நாங்கள் மாற்றவே இல்லை. இந்தத் திட்டத்தின் சிறப்பே அதுதான். இதைச் சொல்லும்போது அவள் முகத்தில் உண்மையான பெருமை இருந்தது.

கட்டாத வட்டியை அசலோடு சேர்த்து, அந்தக் கூட்டுத்தொகைக்கு மறுபடி வட்டி போடுவதற்குக் கூட்டுவட்டி என்று பெயர். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு இதைப் பலகையில் எழுதிப் போட்டே என் விரல்களில் சுண்ணக்கட்டி ஊறிப்போயிருக்கிறது. என் மகன் வீட்டுக்குள் அது இரண்டு வருடத்துக்கு மேல் சத்தமில்லாமல் நடந்திருக்கிறது. நான் எழுந்து நின்று, "இந்த ஐந்து வருடத்தில் ஒருநாள், ஒரே ஒருநாள், யாராவது போன் செய்து, உங்கள் கடன் வளர்கிறது என்று சொல்லியிருக்கக் கூடாதா?" என்று கேட்டேன். நம் ஊர் அலுவலகத்தில் நியாயம் கேட்கிறவன் எந்தச் சத்தத்தில் கேட்பானோ அந்தச் சத்தம்தான். அந்தப் பெண் பதறி எழுந்தாள். எனக்கு நெஞ்சுவலி வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டாள். தண்ணீர் வந்தது. ஆம்புலன்ஸ் வேண்டுமா என்று அமலனைக் கேட்டாள். "அவர் நல்லாத்தான் இருக்கார், கோபமா இருக்கார்" என்று அவன் சொன்னதை அவள் நம்பவில்லை. கோபம் என்பது இந்த ஊரில் நோய். தண்ணீரைக் குடித்துவிட்டு உட்கார்ந்தேன், வேறென்ன செய்வது?

இனிமேல் பழைய கணக்கை நேராக்க வேண்டுமாம். மீதி இருபத்தைந்து வருடத்தில் முழுக் கடனும் முடிய வேண்டும் என்றால், நாலு சதவீத வட்டிக்கு மாதத் தவணை மூவாயிரத்து எழுநூற்று ஐம்பத்தெட்டு. இரண்டாயிரத்து நானூற்று எண்பத்தைந்து எங்கே, இது எங்கே? வீட்டுக்கு வந்து நான் முழுக் கணக்கையும் போட்டேன். கைப்பணம், கட்டிய தவணை, இனி கட்டப்போகும் தவணை எல்லாம் சேர்த்தால், ஒன்பது லட்சம் டாலர் வீட்டின் உண்மையான விலை பதினாலரை லட்சத்துக்கு மேல். அதுவும் ஐந்து வருடத்துக்கு ஒருமுறை வரும் ரினியூவலில் வட்டி ஏறாமல் இருந்தால். வீட்டு வரி, காப்பீடு, கூரை மாற்றுவது, வெந்நீர்க் கொதிகலன் எதுவும் இதில் இல்லை. விற்றுவிட்டு ஒழியலாம் என்றால், அன்றைக்கு ஒன்பது லட்சத்துக்கு அடித்துப் பிடித்து வாங்கிய வீட்டை இன்றைக்கு எட்டு லட்சத்துக்குக் கேட்கவும் ஆளில்லை. விற்றால் தரகும் கடனும் போகக் கைப்பணத்தில் கால் பங்கு மிஞ்சினால் அதிசயம்.

இரண்டு நாள் கழித்து அமலன் மெதுவாக ஆரம்பித்தான். "அப்பா, மரியநாதபுரம் வீட்ட வித்தா ஒரு தொகை மொத்தமா கட்டிரலாம். தவணை கொறையும்." அவன் தலையைக் குனிந்துகொண்டுதான் கேட்டான். நான் கணக்குப் போட்டேன். வீடு நாற்பது லட்சம் போகும். அதில் ஒத்திப் பணம் எட்டு லட்சம் கழியும். வரி, செலவு, விமான டிக்கெட் போகக் கைக்கு வருவது முப்பது லட்சம் ரூபாய். இங்கே அது நாற்பத்தாறாயிரம் டாலர். அதை அசலில் கட்டினால் மாதத் தவணை குறைவது இருநூற்று நாற்பத்து மூன்று டாலர். எழுதிய காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். சம்பளத்தில் பிடித்துப் பிடித்துக் கட்டிய வீடு, மூன்று சென்ட் மண், கிணறு, ஒரு தென்னை, மாடி அறை எல்லாம் சேர்ந்து இந்த ஊரில் மாதம் இருநூற்று நாற்பத்து மூன்று டாலர்.

"இதுக்கு விக்கணுமா?" என்று காகிதத்தை என் மனைவி செசிலியிடம் காட்டினேன். அவள் காகிதத்தைப் பார்க்கவில்லை. "வித்துட்டு வாங்க. வட்டி வட்டின்னு நீங்க சொவத்தப் பாத்துப் பேசிக்கிட்டு இருக்கீங்க. அவன் ராத்திரி சாப்புடாம எந்திரிச்சுப் போறான், அத நான்ல பாக்குறேன்" என்றாள். அமலன் வேலை பார்க்கும் நிறுவனத்தில் ஆள் குறைக்கிறார்கள். மருமகள் வாரத்துக்கு ஆறு நாள் வேலைக்குப் போகிறாள். அந்த இருநூற்று நாற்பத்து மூன்று இல்லாமல் புதிய தவணையை அவர்களால் தூக்க முடியாது என்பது எனக்கும் தெரியும். தெரிந்ததால்தான் கோபம் இன்னும் கூடியது.

திண்டுக்கல்லில் இறங்கி, பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு லாட்ஜில் அறை எடுத்தேன். ஒத்திக்கு விட்ட வீட்டில் எனக்குப் படுக்க உரிமை இல்லை. வீட்டில் இருப்பவள் பாண்டியம்மாள். சாணார்பட்டிப் பக்கத்து ஊர்க்காரி. அங்கே மல்லிகையும் சம்பங்கியும் போட்டுக்கொண்டிருந்த குடும்பம்; இரண்டு பெண்பிள்ளைகளின் படிப்புக்காக டவுனுக்கு வந்தார்கள். பூ மார்க்கெட்டில் மொத்த வியாபாரம் செய்கிறாள். கணவன் மருதை வண்டி ஓட்டிப் பூ எடுத்து வருவான்; அவன் பேசி நான் கேட்டது குறைவு. நான் போய்க் கதவைத் தட்டியதும் அவள் முதலில் சண்டைதான் பிடித்தாள்.

"என்ன சார் இது, சொந்த வீட்ட வச்சுக்கிட்டு லாட்ஜுல போயிப் படுத்திருக்கீங்களாம்? மார்க்கெட்டு பூராம் என்னையத்தான் ஏசும். மாடி ரூமு சும்மாதான் கெடக்கு."

"ஒத்திக்குக் குடுத்துட்டா அது உன் வீடும்மா. முறைன்னு ஒன்னு இருக்கில்ல?"

"ஆமா, மொற. கனடா போயிட்டு வந்தும் வாத்தியாரு வாத்தியாருதான். உக்காருங்க, சாப்புட்டுப் பேசுவோம். கருவாட்டுக் கொழம்பு. தொட்டுக்க வெஞ்சனந்தான் ஒன்னும் பெருசா இல்ல."

சாப்பிட்டு முடித்த பிறகு, விற்கப்போகிறேன், எட்டு லட்சத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுகிறேன், மூன்று மாதத்தில் காலி செய்ய வேண்டும் என்று சொன்னேன். அவள் தட்டை எடுத்து வைத்துவிட்டு வந்து, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, "நாங்களே வாங்கிக்கிறோம் சார்" என்றாள். விலை பேசினோம். முப்பத்தாறு என்று ஆரம்பித்தாள். "மாடி ஓடு மாத்தியாச்சா, கெணத்துல தண்ணி இருக்கா, சாக்கடை அடைக்காத நாளு எது" என்று என் வீட்டை என் முகத்துக்கு நேரே வைது தீர்த்தாள். "இவ்வளவு மோசமான வீட்டை ஏன் வாங்குற?" என்றேன். "பழகிப்போச்சு சார், புருசன் மாதிரி" என்றாள். மருதை கூடச் சிரித்துவிட்டான். நாற்பதில் முடிந்தது. ஒத்திப் பணம் எட்டு லட்சத்தை விலையில் கழித்துக்கொள்வது, கையில் இருக்கும் ஏழு லட்சத்தைத் தருவது, மீதி இருபத்தைந்து லட்சத்துக்கு வீட்டுக் கடன். எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன். அவள் அடுத்த வார்த்தை சொல்லும் வரை.

"ஏதாச்சும் வீடு வாங்கலாம்னு கடனுக்கு முன்னாடியே விசாரிச்சு வச்சிருக்கேன் சார். பழனி ரோட்டுல ஒரு பைனான்ஸ் கம்பெனி. இருவத்தஞ்சு லச்சத்துக்கு இருவது வருசம், மாசம் இருவத்து நாலாயிரத்து நூத்திச் சொச்சம். அந்தத் தம்பி தங்கமான தம்பி. நாட்டுல வட்டி ஏறுனாலும் நம்ம தவணை மாறவே மாறாதாம்."

மறுநாள் நானும் அவர்களோடு அந்த அலுவலகத்துக்குப் போனேன். எனக்கு அங்கே வேலை இல்லை. விற்கிறவன் கடன் கொடுக்கும் இடத்துக்குப் போக வேண்டிய அவசியமில்லை. இருந்தும் போனேன். குளிர்பதன அறை, சுவரில் சாவியை உயர்த்திப் பிடித்துச் சிரிக்கும் குடும்பத்தின் படம். கழுத்தில் அடையாள அட்டை தொங்கவிட்ட பையன் காப்பி வரவழைத்தான். பத்து சதவீதம் வட்டி, மாறும் வட்டி, மாறாத தவணை என்று அவன் சொல்லச் சொல்ல, பிராம்ப்டனில் கேட்ட அதே வார்த்தைகள் தமிழில் கேட்டன.

"தவணை மாறாது, சரி. வேறு எது மாறும்?" என்றேன்.

"ஒன்னும் மாறாது சார். கஸ்டமருக்குச் சுமையே கெடையாது."

"வட்டி பதினொன்னு ஆனா?"

"தவணை அதேதான் சார்."

"தம்பி, நான் தவணையைக் கேட்கல. கடன் எப்ப முடியும்னு கேக்குறேன்."

அவன் பாண்டியம்மாளைப் பார்த்தான். "வருசம் கொஞ்சம் முன்னப்பின்ன ஆகலாம் சார்."

"எவ்வளவு முன்ன, எவ்வளவு பின்ன?"

"அதெல்லாம் யாரும் கேக்க மாட்டாங்க சார்."

"கேக்கலைன்னா சொல்ல மாட்டீங்களா?" என்று நான் மேசையைத் தட்டினேன். காப்பி சிந்தியது. பக்கத்து அறைகளிலிருந்து தலைகள் எட்டிப் பார்த்தன. இங்கே யாரும் ஆம்புலன்ஸ் வேண்டுமா என்று கேட்கவில்லை. என்ன கோபம் என்று எல்லோருக்கும் புரிந்தது. யாரும் பதில் சொல்லத்தான் இல்லை. பாண்டியம்மாள் எழுந்து, கையைப் பிடித்து இழுக்காத குறையாக என்னை வெளியே கூட்டிக்கொண்டு வந்தாள்.

"சார், நீங்க விக்க வந்தீகளா, கெடுக்க வந்தீகளா?"

"உனக்காகத்தாம்மா கேக்குறேன்."

"எனக்காகவா? ஒங்க மகனுக்கு மட்டும் கடன்ல வீடு வாங்கிக் குடுப்பீங்க. பூக்காரி கடன் கேட்டா மேசையத் தட்டுவீங்களா? எம்புட்டு நாளைக்கு சார் அடுத்தவுக வீட்டுல ஆணி அடிக்கக் கேட்டுக்கிட்டு நிக்கிறது?"

எனக்குச் சுருக்கென்று தைத்தது. அவள் சொன்னதில் ஒரு நியாயம் இருந்தது. அதோடு, சொல்லிவிடுகிறேன், அந்த நேரத்தில் எனக்குள் ஒரு பேராசையும் குரல் கொடுத்தது. இவள் கையெழுத்துப் போட்டால்தான் என் மகனுக்கு நாற்பத்தாறாயிரம் டாலர். வாயை மூடிக்கொண்டு லாட்ஜுக்குப் போனால் இன்னும் ஒரு மாதத்தில் வேலை முடியும். இவள் பின்வாங்கினால் வேறு ஆள் கிடைக்க எத்தனை மாதமோ. ரினியூவல் தேதி நமக்காகக் காத்திருக்காது. வாசலில் நின்ற ஆட்டோவில் மூன்று பேரும் ஏறினோம். ஆட்டோ நாகல் நகர் மேம்பாலத்தை நோக்கிப் போனது.

பாலத்தில் ஏறும்போது நான் சொன்னேன். மகன் கதையை முழுதாகச் சொன்னேன். ஊரில் யாரிடமும் சொல்லக் கூடாது என்று செசிலி சத்தியம் வாங்காத குறையாக அனுப்பியிருந்தாள். கனடாவில் பையன் நன்றாக இருக்கிறான், இரண்டு கார், தோட்டம் வைத்த வீடு என்று இத்தனை வருடம் மாதா கோயில் வாசலில் நாங்கள் சொல்லி வந்த பெருமையை ஆட்டோவில் அவிழ்த்துப் போட்டேன். ஒரு லட்சத்து நாற்பத்தொன்பதாயிரம் கட்டி ஏழாயிரத்து அறுநூறு குறைந்ததைச் சொன்னேன். பாண்டியம்மாள் நம்பவில்லை. "ஒரு மாசங்கூடத் தவறலையா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். தவறாமல் கட்டியவனுக்கு இப்படி நடக்கும் என்பதைத்தான் அவளால் ஏற்க முடியவில்லை. எங்களுக்கும் அப்படித்தானே இருந்தது.

பிறகு அவள் கணக்கைச் சொன்னேன். வட்டி மாறாமல் இருபது வருடம் கட்டினாலே இருபத்தைந்து லட்சத்துக்கு அவள் கட்டப்போவது ஐம்பத்தெட்டு லட்சம். கடன் வாங்கிய கையோடு வட்டி ஒரே ஒரு சதவீதம் ஏறி, தவணை மட்டும் மாறாமல் இருந்தால், இருபது வருடம் இருபத்தேழு வருடத்தைத் தாண்டும். அந்த ஏழு வருடத்துக்கு இன்னும் இருபத்தொரு லட்சம். அதற்குப் பதிலாகத் தவணையை மாதம் ஆயிரத்து எழுநூறு கூட்டிக் கட்டினால் வருடம் நகராது. அப்படிக் கேட்கக் கடன் வாங்குகிறவருக்கு உரிமை உண்டு. ஆனால் நாம்தான் வாய்விட்டுக் கேட்க வேண்டும்.

அவள் மருதையைத் திரும்பிப் பார்த்தாள். "இவருக்கு இப்பவே நாப்பத்தாறு."

"இருபது வருடத்தில் அறுபத்தாறு. இருபத்தேழு என்றால்..."

"வேணாம் சார், சொல்லாதீங்க. எழுவத்தி மூணு வயசுல வண்டி ஓட்டுவாராக்கும்." பிறகு கணவனைப் பார்த்து, "ஏய்யா, ஒனக்கு அம்புட்டு ஆயுசு கெட்டியா?" என்றாள்.

மருதை அன்று முதன்முறையாக வாய் திறந்தான். "ஆயுசு இருக்கும் புள்ள. முதுகு இருக்காது."

ஆட்டோவைத் திருப்பச் சொன்னாள். மறுபடி அந்தக் குளிர் அறை, அந்தப் பையன். இம்முறை நான் பேசவில்லை. அவளே பேசினாள், மார்க்கெட்டில் விலை பேசும் குரலில். "தம்பி, வட்டி ஏறுனா தவணைய ஏத்திக்கங்க. வருசத்தத் தொடக்கூடாது. எழுதிக் குடுங்க." அவன் மேலாளரைக் கேட்க வேண்டும் என்றான், கணினியில் அதற்குக் கட்டம் இல்லை என்றான், இந்தக் கிளையில் இதுவரை யாரும் கேட்டதில்லை என்றான். "அப்ப மொத ஆளு நான்னு எழுதிக்கங்க" என்று சொல்லிவிட்டு அவள் நாற்காலியை விட்டு அசையவில்லை. பகல் சாப்பாட்டு நேரம் தாண்டிய பிறகு எழுத்து மூலம் கொடுத்தார்கள். படித்துப் பார்த்துத் தரச் சொல்லி என்னிடம் நீட்டினாள். படித்தேன். சரியாக இருந்தது. அதனால் அந்தக் கடன் நல்ல கடன் ஆகிவிடாது. ஐம்பத்தெட்டு லட்சம் ஐம்பத்தெட்டு லட்சம்தான். ஆனால் அவள் எதில் இறங்குகிறாள் என்று அவளுக்குத் தெரியும்.

பத்திரம் பதிவானது. பணம் வந்தது, போனது; நானும் பிராம்ப்டனுக்குத் திரும்பினேன். அமலனின் தவணை மூவாயிரத்து ஐநூற்றுப் பதினைந்தில் வந்து நிற்கிறது. இப்போதெல்லாம் ஊரிலிருந்து யாராவது பிள்ளைகள் வீடு வாங்கப்போகிறோம் என்று போன் செய்தால், எத்தனை படுக்கையறை, எந்தத் திசை வாசல் என்று எல்லாம் சொல்லி, மாதம் இவ்வளவுதான் மாமா என்று முடிக்கிறார்கள். மாதம் எவ்வளவு என்பதை யாரும் சொல்லிவிடுவார்கள். அதற்குத்தான் காப்பி கொடுத்து உட்கார வைக்கிறார்கள். எப்போது முடியும், அதுவரை மொத்தம் எவ்வளவு, வட்டி ஏறினால் ஏறப்போவது எது, இவற்றைக் கேட்டு எழுத்தில் வாங்கு என்று நான் கத்துகிறேன். மாமாவுக்கு வயதாகிவிட்டது என்று போனை வைத்துவிடுகிறார்கள். வைக்கட்டும். நான் கத்துவதை நிறுத்தப் போவதில்லை.

போன வாரம் ஒருநாள் காலை, குளிர் இன்னும் முழுதாக விடவில்லை, பாண்டியம்மாள் வீடியோவில் அழைத்தாள். அங்கே சாயங்காலம். என் அடுப்படி திரையில் தெரிந்தது. என் அடுப்படி என்றுதான் கை எழுதுகிறது. தரையைப் பெயர்த்துப் புதுக்கல் பதிக்கப்போகிறார்களாம். கொத்தனார் கடப்பாரையோடு நின்றார். "சார், தண்ணிக் கொழாய் அடியில எந்தப் பக்கமா போகுது? இவுகளுக்குத் தெரியல, அடிச்சு ஒடச்சுப்புட்டா வம்பு" என்றாள். சன்னலிலிருந்து இரண்டு முழம் தள்ளி, கிணற்றுப் பக்கமாகச் சாய்ந்து போகும், மூலையில் ஒரு வளைவு இருக்கிறது, அந்த இடத்தை விட்டுத் தள்ளி அடிக்கச் சொல் என்றேன். "அப்பறம் சார், சன்னலப் பெருசாக்கலாம்னு இருக்கோம். ஆக்கலாமா?" என்றாள். "உன் வீட்டுக்கு என்னைக் கேட்காதேம்மா" என்றேன். "எங்க வீடா? இன்னும் இருநூத்தி முப்பத்தெட்டு தவணை இருக்கு சார். அதுவரைக்கும் யாரையாச்சும் கேட்டுக்கிறேன்" என்று சிரித்தாள்.

அந்த நேரத்தில்தான் இங்கே கீழ்த்தளத்திலிருந்து அமலன் கத்தினான். குழாய் ஒன்று விட்டுக்கொண்டு தரையெல்லாம் தண்ணீர். "அப்பா, தண்ணிய அடைக்கிற மெயின் வால்வு எங்க இருக்குன்னு தெரியுமா?" எனக்குத் தெரியாது. அவனுக்கும் தெரியவில்லை. ஐந்து வருடம் தவணை கட்டிய வீட்டின் சுவர்களை அவன் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்க்கும் சத்தம் கேட்டது. நான் படியில் பாதி இறங்கி நின்றேன். கையில் இருந்த போனில் கடப்பாரை விழுந்தது, நான் சொன்ன இடத்துக்குச் சரியாக ஒரு சாண் தள்ளி. "கொழாய் தப்பிச்சுருச்சு சார்!" என்று பாண்டியம்மாள் கூவினாள். கடைசிப் படி வரை தண்ணீர் வந்திருந்தது. போனை உயர்த்திப் பிடித்துக்கொண்டு, செருப்பைக் கழற்றிவிட்டு அதில் இறங்கினேன்.